லூச்சியா பெயர் மாற்றிய குளிர்காலம்

லூச்சியாவின் புதுப் பாஸ்போர்ட் வந்த அன்று எங்கள் பயிற்சி பாதியிலேயே நின்றுபோனது. மட்டையைச் சுவரில் சாய்த்துவிட்டு, கையுறையைக் கழற்றி எறிந்துவிட்டு, பையிலிருந்து அதை எடுத்து வந்து நீட்டினாள். பனித்தரை நடுவில் நின்றபடியே ஒவ்வொருத்தியாக வாங்கிப் பார்த்தோம். லூச்சியா பெட்சுட்டோ என்று அச்சாகியிருந்தது. முப்பது வருடத்துக்கு மேல் லூச்சியா ஹேவர்ஸ்டாக் என்று இருந்தவள். மணமுறிவு முடிந்து, அப்பா வைத்த பெயருக்குத் திரும்பி வந்திருந்தாள்.

"போட்டோல கொலைகாரி மாதிரி இருக்கடி," என்றாள் நொரீன்.

"கொலை பண்ணல. டைவர்ஸ்தான் பண்ணேன்."

"ரெண்டும் ஒரே மூஞ்சிதான் போல."

நாங்கள் ஐம்பதைத் தாண்டிய பெண்கள் ஆடும் ஐஸ் ஹாக்கி அணி. பெயர் இரும்புக் கோழிகள். ஊரில் எஃகு ஆலை இருக்கிறது, அதனால் இரும்பு. கோழி என்று வைத்தது நொரீன். காரணம் கேட்டால் ஒவ்வொரு முறையும் வேறொன்று சொல்வாள். அவள் பல் டாக்டரிடம் வரவேற்பு மேசையில் இருக்கிறாள். லூச்சியா ஆலையில் கிரேன் ஓட்டுகிறாள்; உருகிய எஃகு நிரம்பிய தொட்டியைத் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டு போகிற வேலை. நான் ஐலி. பகலில் பள்ளிப் பேருந்து ஓட்டுகிறேன், மற்ற நேரம் கோல் காக்கிறேன். எங்கள் மூவரையும், எங்கள் பைகளின் நாற்றத்தையும் சுமப்பது என் வேன்.

எங்கள் ஊருக்கு இரண்டு பாதி. ஆற்றின் இந்தக் கரை கனடா, அந்தக் கரை அமெரிக்கா. இரண்டு கரைக்கும் சூசென்மேரி என்று ஒரே பெயர். நடுவில் ஒரு பாலம். அதில் நடந்து போக முடியாது, வண்டியில்தான் போகவேண்டும். ஆட்டங்களில் பாதி அந்தக் கரையில்தான். நாங்கள் எல்லோரும் நெக்ஸஸ் அட்டை வைத்திருக்கிறோம். இரண்டு அரசாங்கமும் நம்மைச் சோதித்து, இவர்களை நம்பலாம் என்று கொடுக்கிற அட்டை. அது இருந்தால் தனிப் பாதை. வரிசையில் நிற்பவர்கள் முறைத்துக்கொண்டிருக்க நாம் போய்க்கொண்டே இருக்கலாம்.

பாஸ்போர்ட்டைத் திருப்பிக் கொடுக்கும்போது நான்தான் கேட்டேன். "நெக்ஸஸ்ல மாத்திட்டியா?"

"எதை மாத்தணும்? அட்டை இருக்கே. இன்னும் வருஷக்கணக்குல செல்லும்."

"அட்டை செல்லும். ஆனா உள்ள இருக்கறது பழைய பாஸ்போர்ட் நம்பர், பழைய பேரு. உன் கையில இருக்கறது புதுசு."

"அதனால என்ன? மூஞ்சி அதே மூஞ்சிதானே?"

"அவங்க மூஞ்சிய மட்டும் பாக்கறதில்ல. புது பாஸ்போர்ட் வந்தா நாமதான் போய்ச் சொல்லணும். அது ரூல்."

"போற வழில பாத்துக்கலாம், ஐலி."

"என் வண்டில அப்படிப் பாத்துக்க முடியாது. அந்தப் பாதைல போனா உள்ள இருக்கற அத்தனை பேருக்கும் எல்லாம் சரியா இருக்கணும். ஏதாவது இடிச்சா மூணு பேரையும் ஓரங்கட்டிக் கேப்பான். மார்ச்சுல கோப்பை ஆட்டம். அதுக்குள்ள சரி பண்ணு, இல்லன்னா நீ தனியா வா."

லூச்சியா மட்டையை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். அன்று அவள் அடித்த வட்டு ஒவ்வொன்றும் என் முழங்கால் கவசத்தைக் குறிபார்த்துத்தான் வந்தது.

அந்த ஞாயிற்றுக்கிழமை மதியம் இருவரும் என் வீட்டுக்கு வந்தார்கள். லூச்சியா போர்கெட்டா என்கிற இத்தாலியப் பன்றி வறுவல் வைத்த ரொட்டிகளைக் கொண்டுவந்தாள். கோபம் தீர்ந்ததென்று அர்த்தம். சாப்பாட்டு மேசையில் என் கணினியைத் திறந்து வைத்தேன். உறுப்பினர் கணக்குக்குள் போய்ப் புதுப் பாஸ்போர்ட் விவரத்தைச் சேர்க்க வேண்டும், அவ்வளவுதான் வேலை என்று நினைத்தோம்.

மின்னஞ்சல் முகவரி கேட்டது.

"அது வெண்டல் போட்டது," என்றாள் லூச்சியா. வெண்டல் அவளுடைய முன்னாள் கணவன்.

"அவரோட மெயிலா?"

"உனக்குத் தனியா எதுக்கு, நானே பாத்துக்கறேன்னு சொன்னான். ரெண்டு பேருக்கும் அவன்தான் அப்ளை பண்ணான்."

கடவுச்சொல் அவளுக்கு ஞாபகம் இருந்தது. வெண்டல் வளர்த்த நாயின் பெயர்தான். அதைப் போட்டதும் திரை அடுத்த கட்டத்துக்குப் போனது: உங்கள் கைப்பேசிக்கு ஓர் எண் அனுப்பியிருக்கிறோம், அதை இங்கே இடுங்கள். கைப்பேசி எண்ணின் கடைசி இலக்கங்கள் மட்டும் தெரிந்தன. அது லூச்சியாவின் எண் இல்லை.

நொரீன் வாயில் இருந்த ரொட்டியை மெல்லாமல் வைத்திருந்தாள்.

"போன் பண்ணுடி," என்று மெதுவாகச் சொன்னாள். "ஒரு நம்பர்தானே. கேட்டு வாங்கிட்டு வச்சிடு."

லூச்சியா எழுந்து ஜன்னலோரம் போனாள், வந்தாள், மறுபடி போனாள். மணமுறிவுக்குப் பிறகு அவள் அவனிடம் எதுவுமே கேட்டதில்லை. வீட்டையே விட்டுக்கொடுத்துவிட்டு, பேக்கரிக்கு மேலே ஒரு சின்ன வீட்டில் வாடகைக்குப் போனவள். கடைசியில் கைப்பேசியை மேசைமேல் வைத்து ஒலிபெருக்கியில் போட்டாள். தனியாகப் பேச அவளுக்குப் பிடிக்கவில்லை என்று புரிந்தது.

வெண்டல் ஏரியில் மீன் பிடித்துக்கொண்டிருந்தான். பனியில் துளை போட்டு உட்காரும் அந்தச் சின்னக் குடிசைக்குள் அடுப்பு எரிகிற சத்தம் கூடக் கேட்டது.

"வெண்டல், உன் போனுக்கு ஒரு நம்பர் வந்திருக்கும். நெக்ஸஸ்லேர்ந்து. அதைச் சொல்லு."

"ஓ, அது நீதானா? யாரோ திருடறான்னு நினைச்சேன்." சிரித்தான். "என்ன திடீர்னு?"

"பாஸ்போர்ட் புதுசாயிருக்கு. அதை ஏத்தணும்."

"பேரையும் மாத்திட்டியாமே. கேள்விப்பட்டேன். எதுக்கு லூச்சி இந்த வயசுல இதெல்லாம்? ஹேவர்ஸ்டாக்னு இத்தனை வருஷம் பாலம் தாண்டினியே, யாராவது நிறுத்தினாங்களா? அந்தப் பேருக்கு ஒரு மரியாதை இருந்துச்சு. உங்கப்பா பேரை எழுத்துக் கூட்டிச் சொல்றதுக்குள்ள கடையே மூடிடுவான்."

"நம்பரைச் சொல்லு வெண்டல்."

"சொல்றேன், சொல்றேன். கண்ணாடி எங்க வச்சேன்... பாத்தியா, கடைசில என்கிட்டதான் வரவேண்டியிருக்கு. நான் இல்லாம உன்னால பாலத்தக்கூடத் தாண்ட முடியல."

அவன் கெட்டவன் இல்லை. இப்படிப் பேசுவதை அன்பு என்று நினைத்துக்கொண்டே வாழ்நாளை ஓட்டியவன். ஒருவழியாகக் கண்ணாடியைக் கண்டுபிடித்து எண்ணை ஒவ்வொன்றாகப் படித்தான். லூச்சியா தட்டினாள். நேரம் கடந்துவிட்டது, மீண்டும் முயலுங்கள் என்று வந்ததை நொரீன் வாய்விட்டுப் படித்தாள்.

"காலாவதி ஆயிடுச்சா? இன்னொண்ணு அனுப்பச் சொல்லு. நான் எங்கேயும் போகல," என்றான். அவனுக்கு அது பிடித்திருந்தது.

லூச்சியா கையைக் கணினியிலிருந்து எடுத்துவிட்டாள். "வேண்டாம் வெண்டல். நீ மீன் பிடி." இணைப்பைத் துண்டித்தாள்.

பிறகு நாற்காலியைக் கணினிப் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டு, "நகருங்க ரெண்டு பேரும்," என்றாள்.

உதவிப் பக்கங்களை முதலிலிருந்து படித்தாள். கிரேன் இயக்குவதற்குப் பயிற்சி எடுத்தபோதும் அப்படித்தான் கையேடு படித்தாளாம், விரலை வரியின் கீழே வைத்துக்கொண்டு. நொரீன் இரண்டு முறை காபி போட்டாள். நான் பாத்திரம் கழுவி முடித்தேன். ஒரு கட்டத்தில் லூச்சியா தன் அட்டையைத் திருப்பிப் பின்பக்கத்தைக் கண்ணுக்கு அருகில் கொண்டுபோனாள்.

"இதோ இருக்கு உறுப்பினர் நம்பர். இது என்னோடது. அவனோடது இல்ல. என் மெயில், என் போன் வச்சு நானே புதுசா உள்ள போகலாம். இந்த நம்பரைக் காட்டினா அந்தக் கணக்கு இதுகூட வந்து சேந்துக்கும்."

"நிஜமாவா?" என்றேன்.

"படிச்சா தெரியும்."

தன் மின்னஞ்சலைப் போட்டாள். தன் எண்ணைப் போட்டாள். அவளுடைய கைப்பேசி மேசைமேல் சிணுங்கியது. அதில் வந்த எண்ணை அவளே பார்த்து, அவளே தட்டினாள். அப்புறம் உறுப்பினர் எண், பிறந்த தேதி, பெயர். பெட்சுட்டோ என்று போட்டாள். பொருந்தவில்லை என்றது.

"ஐயோ," என்றாள் நொரீன்.

"இரு. அவங்ககிட்ட இருக்கறது இன்னும் பழைய பேருதானே." லூச்சியா விரல்களை விசைகளின் மேல் வைத்துக்கொண்டு தயங்கினாள். அந்தப் பெயரைக் கழற்றிப் போட அதையே இன்னொரு தரம் எழுதவேண்டியிருந்தது. "சரி, இதான் கடைசி," என்று சொல்லி, ஹேவர்ஸ்டாக் என்று ஒரு விரலால் எழுத்தெழுத்தாகத் தட்டினாள்.

கணக்கு திறந்துகொண்டது.

புதுப் பாஸ்போர்ட் எண்ணைச் சேர்த்தாள். நாங்கள் இருவரும் தோளுக்குப் பின்னால் நின்று இலக்கங்களைச் சத்தமாகப் படித்துச் சரிபார்த்தோம். ஆனால் பெயர் மாற்றத்தை இங்கிருந்தே செய்ய முடியாது, பதிவு அலுவலகத்துக்கு நேரில் வரவேண்டும் என்று அந்தப் பக்கம் தெளிவாகச் சொல்லியிருந்தது. அலுவலகம் அமெரிக்கக் கரையில், பாலம் இறங்கும் இடத்தில்.

"நான் கூட்டிட்டுப் போறேன்," என்றேன்.

"தனியா வான்னு சொன்னது நீதானே?"

"அது கோபத்துல சொன்னது."

"இல்ல, சரியாத்தான் சொன்ன. நான் தனியாவே போறேன்."

அப்போதுதான் எனக்கு உறைத்தது, லூச்சியா பாலத்தில் ஒரு தடவைகூட வண்டி ஓட்டியதில்லை. முதலில் எப்போதும் வெண்டல் ஓட்டினான், பிறகு நான். ஆலைக் கூரைக்கடியில் தொங்கிக்கொண்டு எஃகை ஊற்றுகிறவள், பாலத்தில் பக்கத்து இருக்கையிலேயே உட்கார்ந்து பழகியிருந்தாள்.

அவள் விடுப்பு எடுத்துப் போன வெள்ளிக்கிழமை, அந்தக் கரையில் ஸ்னோமொபைல் என்கிற பனிவண்டிகளின் பந்தய வாரம். ஊர் ஊராக வண்டிகளை இழுவையில் கட்டிக்கொண்டு ஆட்கள் வந்து குவிகிற சமயம். அன்று நடந்ததை அவள் எங்களுக்குப் பலமுறை சொல்லியிருக்கிறாள். நொரீன் பக்கத்தில் இருந்தால் கொஞ்சம் கூட்டியும் சொல்வாள்.

நெக்ஸஸ் பாதையில் போகக்கூடாதென்று அவளே முடிவு செய்திருந்தாள். பொது வரிசையில் நின்றாள். பாலத்தின் உச்சியில் வண்டி நின்றுவிட்டது. முன்னால் இழுவை, பின்னால் இழுவை, கீழே உறைந்த ஆறு. காற்று அவளுடைய பழைய பிக்கப்பைத் தொட்டில் மாதிரி ஆட்டியது. ஓரங்குலம் நகரும், மறுபடி நிற்கும். முதலில் ஸ்டியரிங்கை இறுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தாளாம். பிறகு கிரேன் கூண்டில் செய்வதுபோல் தோளைத் தளர்த்தி, தூரத்தில் ஒரு புள்ளியைப் பார்த்து, மூச்சை ஒழுங்குபடுத்திக்கொண்டாள். அதற்கப்புறம் அது வெறும் உயரம்தான், அவளுக்குப் பழகிய விஷயம். பக்கத்து வரிசையில் ஒரு தாடிக்காரன் கண்ணாடியை இறக்கி, "பந்தயம் பாக்கவாம்மா?" என்று கேட்டான். "இல்ல, பேரு மாத்திக்க," என்றாள். அவன் ஒரு டோனட்டை எட்டிக் கொடுத்தான்.

அலுவலகத்தில் ஓர் இளம் அதிகாரி. புதுப் பாஸ்போர்ட், பிறப்புச் சான்றிதழ், நீதிமன்ற உத்தரவு மூன்றையும் வரிசையாக வைத்தாள். ஏதாவது குறை சொல்லித் திருப்பி அனுப்பிவிடுவார் என்று வழியெல்லாம் ஒத்திகை பார்த்த பதில்கள் வாயில் தயாராக இருந்தன. ஆனால் அவர் ஒரு குறையும் சொல்லவில்லை. பாஸ்போர்ட்டைப் பார்த்துவிட்டு, "இதை எப்படிச் சொல்லணும்?" என்று கேட்டார்.

"பெட்-சுட்-டோ."

அவர் ஒருமுறை சொல்லிப் பார்த்தார். சரியாக வந்தது. "புது அட்டைக்குப் புதுப் போட்டோ எடுத்துடலாமா? கண்ணாடியக் கழட்டுங்க. சிரிக்கணும்னா பல்லு தெரியாம சிரிச்சுக்குங்க."

எல்லாம் முடிந்து எழுந்திருக்கப்போகும்போது அவர் திரையைப் பார்த்துக்கொண்டே கேட்டார். "அட்டை தபால்ல வரும். இந்த அட்ரஸ்தானே?" என்று ஒரு முகவரியைப் படித்தார்.

அது வெண்டலின் வீடு.

ஆமாம் என்று சொல்ல வாயைத் திறந்துவிட்டாளாம். அத்தனை வருடம் அந்த முகவரிக்கு ஆமாம் சொல்லிப் பழகிய வாய். பாஸ்போர்ட் எண்ணை ஏற்றினோம், பெயருக்கு ஆவணங்களைத் தூக்கிக்கொண்டு வந்தோம், குடி மாறியதை யாருமே யோசிக்கவில்லை. நான் கூட யோசிக்கவில்லை. அவள் மட்டும் தலையாட்டியிருந்தால் புத்தம்புது அட்டை நேராக வெண்டலின் தபால் பெட்டிக்குப் போயிருக்கும்; அவனும் அதை எடுத்துக்கொண்டு சிரித்தபடி பேக்கரிப் படியேறி வந்திருப்பான்.

"இல்ல சார், அங்கே நான் இல்ல," என்றாள். "நான் இருக்கறது வேற இடம்." கதவு எண்ணிலிருந்து அஞ்சல் குறியீடு வரை சொன்னாள். அவர் தட்டி முடித்துத் திரையை அவள் பக்கம் திருப்பினார். எழுத்தெழுத்தாகச் சரிபார்த்துவிட்டுத்தான் எழுந்தாள்.

திரும்பும்போது கனடாப் பக்கம் கூட்டமே இல்லை. பாலத்தில் ஜன்னலை இறக்கிவிட்டு ஓட்டினாளாம். கடுங்குளிரில் எதற்கென்று நொரீன் கேட்டதற்கு, "சும்மா," என்றாள்.

அட்டை வந்ததும் அதைக் கணக்கில் போய்ச் செயல்படுத்த வேண்டியிருந்தது. அதற்கு அவள் எங்களைக் கூப்பிடவேயில்லை. தானே முடித்துவிட்டு, அட்டையின் படத்தை மட்டும் அனுப்பினாள். பல் தெரியாத சிரிப்பு. நொரீன் பதில் எழுதினாள்: "இந்தத் தடவை கொலைகாரி இல்ல. கொள்ளைக்காரி."

மார்ச்சில் கோப்பை ஆட்டத்துக்குப் போன காலையில் பாலத்தில் நல்ல கூட்டம். பள்ளி விடுமுறை. நான் தனிப் பாதையில் திருப்பினேன். மூவரும் அட்டையைப் படிக்கும் கருவிக்கு நேராகப் பிடித்தோம். கூண்டிலிருந்த பெண் அதிகாரி திரையைப் பார்த்து, ஒவ்வொரு பெயராகச் சொல்லி முகத்தைப் பார்த்தார். மூன்றாவதாக, "பெட்சுட்டோ?"

"நான்தான்," என்று பின்னிருக்கையிலிருந்து லூச்சியா சொன்னாள். பள்ளிக்கூடத்தில் வருகைப் பதிவுக்குச் சொல்வதுபோல் முதுகை நிமிர்த்தியிருந்தாள்.

"எங்க போறீங்க?"

"உங்க ஊர்ப் பொண்ணுங்கள ஜெயிக்க," என்றாள் நொரீன்.

அதிகாரிக்குச் சிரிப்பு வந்ததோ என்னவோ, காட்டிக்கொள்ளவில்லை. "போங்க, போங்க," என்று கையசைத்தார்.

காலையில் நாங்கள் ஆடிய முதல் ஆட்டம் மோசம். தோற்றோம், என் காலிடுக்கில் இரண்டு வட்டு போனது. மதியம் இரண்டாவதில் எப்படியோ ஜெயித்து, புள்ளிக் கணக்கில் தொங்கிக்கொண்டு இறுதிக்கு வந்துவிட்டோம். எதிரே கால்வாய் ராணிகள். நான்கு வருடமாகக் கோப்பை அவர்களிடம்தான்.

இரண்டுக்கு இரண்டு என்று சமமாக இருக்கும்போது லூச்சியா எதிரணிக்காரி ஒருத்தியின் காலை வாரிவிட்டாள். தெரியாமல் நடந்தது என்று இன்றுவரை சாதிக்கிறாள். நடுவர் விசிலடித்தார். அரங்கத்தின் ஒலிபெருக்கி முழங்கியது: "இரும்புக் கோழிகள் அணிக்கு இரண்டு நிமிடத் தண்டனை. காலை வாரியதற்காக. லூச்சியா பெட்... பெட்சுட்டோ."

இத்தனை வருடத்தில் ஒரு தண்டனை அறிவிப்புக்கு எங்கள் பெஞ்சு கைதட்டியது அதுதான் முதல் தடவை. எல்லோரும் எழுந்து நின்று மட்டையால் பலகையைத் தட்டினார்கள். நடுவருக்கு ஒன்றும் புரியவில்லை. லூச்சியா தண்டனைக் கூண்டுக்குள் போய் உட்கார்ந்து, ஹெல்மெட்டைக் கழற்றி, இல்லாத கிரீடத்தைச் சரிசெய்துகொள்வதுபோல் தலைமுடியைத் தடவினாள்.

அந்த இரண்டு நிமிடமும் எனக்கு நரகம். ஆள் குறைவாக இருந்த எங்களை அவர்கள் கோலுக்கு முன்னாலேயே வைத்து அரைத்தார்கள். தோளில் வாங்கினேன், முகமூடியில் வாங்கினேன், ஒன்று கம்பத்தில் பட்டு என் முதுகில் விழுந்து நின்றது. கடைசியில் ஒரு வட்டு என் கையுறைக்குள் வந்து, நழுவி, காலடியில் கிடந்தது. நொரீன் பக்கம் தள்ளினேன். அவள் தலையைத் தூக்கினாள். அதே நேரம் இரண்டு நிமிடமும் முடிந்து, தூரத்தில் தண்டனைக் கூண்டின் கதவு திறந்தது.

நொரீன் குருட்டாம்போக்கில் அடித்தாள். எதிரணியின் ஐந்து பேரும் எங்கள் பக்கத்தில் இருந்தார்கள். வட்டு மைய வட்டத்தைத் தாண்டி வழுக்கிக்கொண்டே போய், கதவிலிருந்து இறங்கிய லூச்சியாவின் மட்டைக்கு வந்து சேர்ந்தது. அவளுக்கும் கோலுக்கும் நடுவில் யாருமே இல்லை. அவளுக்கு வேகம் கிடையாது, முழங்கால் வேறு போய்விட்டது. ஆனால் கை நடுங்காது. கோல் காப்பவளை இடது பக்கம் சாயவைத்து, வலப்பக்க மூலையில் அலட்டிக்கொள்ளாமல் வைத்தாள்.

ஒலிபெருக்கிக்காரர் இந்தத் தடவை திக்காமல் சொன்னார். நான் கோலை விட்டுவிட்டு அரங்கத்தின் நீளம் முழுக்க அத்தனை கவசத்தோடும் ஓடினேன். போய்ச் சேர்வதற்குள் எனக்கு மூச்சு நின்றுவிட்டது. அவளை அணைப்பதற்குப் பதிலாக அவள்மேல் விழுந்தேன். மீதி நேரம் அவர்கள் மூச்சுமுட்ட அடித்தார்கள். ஒன்றும் உள்ளே போகவில்லை.

மாலையில் திரும்பும்போது கோப்பை லூச்சியாவின் மடியில் இருந்தது. கனடாப் பக்கச் சாவடியில் வழுக்கைத் தலை அதிகாரி குனிந்து வண்டிக்குள் பார்த்தார்.

"அங்கேர்ந்து ஏதாவது கொண்டு வர்றீங்களா?"

"ஒரு கோப்பை சார்," என்றாள் லூச்சியா.

"வாங்கினதா?"

"ஜெயிச்சது."

"என்ன உலோகம்?"

"தகரம்னு நினைக்கறேன். ஆலைல கொண்டுபோய்ப் பாத்தாத்தான் தெரியும்."

அவர் கையை நீட்டி அதை வாங்கித் திருப்பிப் பார்த்தார். அடியில் போன வருட அணியின் பெயர்களுக்குக் கீழே காலியாக ஓர் இடம் இருந்தது. "இங்க பேரு வெட்டுவாங்க, இல்ல?" என்று கேட்டார்.

"ஆமா சார். திங்கக்கிழமை கொடுக்கறோம்."

"சரியா எழுதிக் கொடுங்க. என் தங்கச்சி கல்யாண மோதிரத்துல தப்பா வெட்டிட்டான்." கோப்பையைத் திருப்பித் தந்துவிட்டுத் தடுப்பைத் தூக்கினார்.